எலினோர் ரூஸ்வெல்ட் எப்போது வாய் திறந்தார்? மனைவியாக இருந்தபோதா, பதவிக்கு வந்த பிறகா?

#1 தாழ்வாரம்

எல்லோருக்கும் வணக்கம். டிசம்பர் 10 மனித உரிமை நாளுக்கு எங்கள் வாசகர் வட்டத்தில் அரை மணி நேரம் பேசச் சொல்லியிருக்கிறார்கள். எலினோர் ரூஸ்வெல்ட்டைப் பற்றிப் பேசுகிறேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டேன். இரண்டு மாதமாகப் படிக்கிறேன். படிக்கப் படிக்க, பேச நினைத்திருந்த பேச்சு கையைவிட்டு நழுவுகிறது. அதனால்தான் இங்கே வந்தேன்.

வழக்கமாகச் சொல்லும் கதை இப்படிப் போகும்: அமெரிக்க அதிபரின் மனைவி. வெள்ளை மாளிகையில் பன்னிரண்டு ஆண்டு கணவரின் நிழலில் இருந்தார். 1945இல் கணவர் இறந்தார். அப்புறம்தான் சொந்தக் காலில் நின்றார், ஐ.நா.வுக்குப் போனார், 1948இல் மனித உரிமைப் பிரகடனத்தை நிறைவேற்றிக் காட்டினார்.

எனக்கு இது தலைகீழாகத் தெரிகிறது. இரண்டு காட்சி சொல்கிறேன்.

நவம்பர் 1938, அலபாமா மாநிலத்தின் பர்மிங்காம். தென்மாநில மக்கள் நலன் பற்றி ஒரு மாநாடு. கறுப்பின மக்கள் ஒரு பக்கம், வெள்ளையர் ஒரு பக்கம்தான் உட்கார வேண்டும் என்பது அந்த நகரத்துச் சட்டம். போலீஸ் உள்ளேயே நிற்கிறது. எலினோர் கறுப்பின மக்கள் பக்கம் போய் உட்காருகிறார். போலீஸ் வந்து எழுந்திருக்கச் சொல்கிறது. எழுந்தார். ஆனால் வெள்ளையர் பக்கம் போகவில்லை. இரண்டு பக்கத்துக்கும் நடுவே நாற்காலியைப் போட்டு அதில் உட்கார்ந்துகொண்டார். அப்போது அவருக்கு எந்தப் பதவியும் கிடையாது.

அக்டோபர் 1947. கறுப்பின மக்களின் உரிமை அமைப்பான என்.ஏ.ஏ.சி.பி., டபிள்யூ. இ. பி. டு பாய்ஸ் தலைமையில் ஒரு மனு தயாரித்து ஐ.நா.விடம் கொடுக்கிறது. அமெரிக்காவில் தங்களுக்கு நடக்கும் கொடுமைகளை உலகம் விசாரிக்க வேண்டும் என்று கேட்கும் மனு. எலினோர் அப்போது ஐ.நா. மனித உரிமை ஆணையத்தின் தலைவர். என்.ஏ.ஏ.சி.பி.யின் நிர்வாகக் குழுவிலும் இருக்கிறார். மனுவை அவர் ஆதரிக்கவில்லை.

மனைவியாக இருந்தபோது இருந்த தைரியம் தலைவரானபோது எங்கே போனது? இதைக் கேள்வியாகவே மேடையில் வைக்கலாமா, அல்லது நான் ஏதாவது தவறாகப் புரிந்துகொண்டிருக்கிறேனா?

#2 புது வரவு

அடிப்படைக் கேள்வி, சிரிக்காதீர்கள். கணவர் பிராங்க்ளின் ரூஸ்வெல்ட். தியோடர் ரூஸ்வெல்ட் என்று இன்னொரு அதிபரும் இருந்தாரே, அவருக்கும் இவருக்கும் என்ன உறவு?

#3 பழைய பேப்பர்

சிரிக்க என்ன இருக்கிறது. தியோடர் அவருக்குப் பெரியப்பா. எலினோருக்குப் பிறந்த வீட்டிலும் ரூஸ்வெல்ட், புகுந்த வீட்டிலும் ரூஸ்வெல்ட். பிராங்க்ளின் தூரத்து உறவு. 1905 மார்ச் 17 கல்யாணம். அப்பா உயிரோடு இல்லாததால் பெண்ணைக் கைப்பிடித்துக் கொடுத்தவர் பெரியப்பாதான், அப்போது அவர் நடப்பு அதிபர். வந்தவர்கள் எல்லோரும் அவரைச் சுற்றிக்கொண்டு நின்றார்கள், பொண்ணு மாப்பிள்ளையைக் கவனிக்க ஆளில்லை.

சின்ன வயசு கொஞ்சம் கொடுமை. 1884இல் பிறந்தவர். அம்மா பேர்போன அழகி. மகள் எப்போதும் முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டிருக்கிறாள் என்று 'பாட்டி' என்றே கூப்பிடுவாராம். எட்டு வயதில் அம்மா போனார். பத்து வயது நிரம்பும் முன் அப்பாவும் போனார், குடிப்பழக்கம். பாட்டி வளர்த்தார். பதினைந்து வயதில் லண்டன் அருகே ஆலன்ஸ்வுட் பள்ளிக்கு அனுப்பினார்கள். அங்கே மரி சுவெஸ்த்ர் என்ற பிரெஞ்சுத் தலைமையாசிரியை இவரைச் சொந்தமாக யோசிக்க வைத்தார்.

தாழ்வாரம், உங்கள் பேச்சில் மாமியாரை விட்டுவிடாதீர்கள். சாரா ரூஸ்வெல்ட் மகனுக்கும் மருமகளுக்கும் நியூயார்க்கில் ஒரு வீடு கட்டிக்கொடுத்தார். ஒட்டினாற்போல் தனக்கும் ஒன்று. இரண்டுக்கும் நடுச்சுவரில் கதவுகள், மாடிகளிலும். எந்த நேரத்தில் எந்தக் கதவைத் திறந்துகொண்டு மாமியார் வருவார் என்றே தெரியாது. குடிவந்த சில வாரத்தில் எலினோர் அலங்கார மேஜை முன் உட்கார்ந்து அழுதிருக்கிறார். 'இது என் வீடு மாதிரியே இல்லை' என்று அவர் சொன்னது பிராங்க்ளினுக்குக் கடைசிவரை புரியவில்லை.

#4 புளியங்கொட்டை

மாமியார் கொடுமை எல்லாம் சரி. பணக்கார வீட்டுப் பெண், அதிபரின் அண்ணன் மகளோ தம்பி மகளோ ஏதோ ஒன்று, அப்புறம் அதிபரின் மனைவி. பர்மிங்காமில் வேறு ஒரு பெண் நடுவில் நாற்காலி போட்டிருந்தால் லாக்கப்பில் போட்டிருப்பார்கள். இவரைத் தொட யாருக்குத் துணிச்சல் வரும்? அதைத் தைரியம் என்று சொல்வதில் எனக்குச் சம்மதம் இல்லை.

இன்னும் இரண்டு விஷயம். மேற்கு வர்ஜீனியாவில் சுரங்கத் தொழிலாளர்களுக்காக இவர் முன்நின்று உருவாக்கிய ஆர்தர்டேல் குடியிருப்பில் கறுப்பினக் குடும்பங்களுக்கு இடம் இல்லை. 1942இல் சுமார் 1,20,000 ஜப்பானிய வம்சாவளியினரை முகாம்களில் அடைக்க வழிசெய்த உத்தரவில் கையெழுத்துப் போட்டவர் இவர் கணவர். அப்போது இவர் நாற்காலியை எங்கே போட்டார்?

#5 தாழ்வாரம்

தம்பி மகள். அடித்தாலும் கணக்காக அடியுங்கள் :)

ஆர்தர்டேல் உண்மை. கறுப்பினக் குடும்பங்களையும் சேர்க்கச் சொல்லி எலினோர் பேசிப்பார்த்தார், குடியிருந்தவர்கள் ஒத்துக்கொள்ளவில்லை, திட்டம் அப்படியே போனது. ஜப்பானியர் விஷயத்தில் வீட்டுக்குள் எதிர்த்தார், வெளியே கணவரின் உத்தரவை எதிர்த்துப் பேசவில்லை. 1943 ஏப்ரலில் அரிசோனாவின் கிலா ரிவர் முகாமுக்குப் போய்ப் பார்த்தார், அங்கிருப்பவர்களை வெளியே விட வேண்டும் என்று எழுதினார். அதற்குள் ஓராண்டு ஓடிவிட்டது. 'மனைவியாக இருந்தபோது எல்லாவற்றையும் பேசினார்' என்று நான் சொல்லவரவில்லை. இதைக் குறித்துக்கொண்டேன்.

ஆனால் பணக்கார வீட்டுப் பெண் என்பதால் எல்லாம் தானாக வந்துவிடவில்லை. 1918இல் பிராங்க்ளின் ஐரோப்பாவிலிருந்து காய்ச்சலோடு திரும்பினார். அவர் பெட்டியைப் பிரித்து அடுக்கும்போது ஒரு கட்டுக் கடிதம் கிடைத்தது. எழுதியவர் லூசி மெர்சர், எலினோரிடமே செயலாளராக வேலை பார்த்த பெண். விவாகரத்துத் தருகிறேன் என்றார் எலினோர். மாமியார் சொத்தைக் காட்டி மிரட்டினார். அரசியல் வாழ்க்கையும் அதோடு போய்விடும் என்பது எல்லோருக்கும் தெரியும். கல்யாணம் நீடித்தது, வேறு மாதிரி ஏற்பாடாக.

1921 ஆகஸ்டில் பிராங்க்ளினுக்கு போலியோ, இரண்டு கால்களும் போயின. அவர் பெயர் அரசியலில் மறந்துபோகாமல் இருக்க யாராவது வெளியே போய்ப் பேச வேண்டும். லூயி ஹவ் என்ற அரசியல் ஆலோசகர் எலினோரை மேடைக்குத் தள்ளினார். பேசும்போது பதற்றத்தில் காரணமில்லாமல் சிரித்துவிடுவாராம். ஹவ் பின்வரிசையில் உட்கார்ந்து கேட்டு, வீட்டுக்கு வந்து ஒவ்வொன்றாகத் திருத்துவார்.

எனக்கு மிகவும் பிடித்தது அடுத்த கட்டம். 1929இல் பிராங்க்ளின் நியூயார்க் ஆளுநர். அரசு மருத்துவமனைகளையும் காப்பகங்களையும் உள்ளே போய்ப் பார்க்க எலினோரை அனுப்புவார். முதல்முறை திரும்பி வந்ததும், உள்ளே இருப்பவர்கள் என்ன சாப்பிடுகிறார்கள் என்று கேட்டார். சுவரில் ஒட்டியிருந்த உணவுப் பட்டியலைப் பார்த்துவிட்டு அதைச் சொன்னார் எலினோர். 'அடுப்பில் இருந்த பாத்திரத்தைத் திறந்து பார்த்தாயா?' என்றார் கணவர். அடுத்த முறையிலிருந்து மூடியைத் திறந்தார். கட்டில்களுக்கு நடுவே எவ்வளவு இடைவெளி, பகலில் மடக்கிவைத்த கட்டில்கள் அலமாரிக்குள் ஒளிந்திருக்கின்றனவா என்று பார்த்தார். பிற்பாடு ஐ.நா.வில் செய்த வேலைக்கு இதுதான் பயிற்சி என்று எனக்குத் தோன்றுகிறது.

#6 நடுப்பக்கம்

பத்திரிகைத் தொழிலில் இருந்தவன் என்பதால் ஒன்று சேர்க்கிறேன். 1933 மார்ச்சில் கணவர் பதவியேற்ற இரண்டாம் நாளே எலினோர் பத்திரிகையாளர் சந்திப்பைத் தொடங்கிவிட்டார். பெண் நிருபர்களுக்கு மட்டும். மொத்தம் 348 சந்திப்புகள். பொருளாதார மந்தம் உச்சத்தில் இருந்த நேரம், எந்தப் பத்திரிகையிலும் ஆள் குறைப்பென்றால் முதலில் வீட்டுக்கு அனுப்புவது பெண்களைத்தான். வெள்ளை மாளிகைச் செய்தி வேண்டுமென்றால் ஒரு பெண்ணையாவது வேலையில் வைத்திருக்க வேண்டும் என்ற நிலையை உண்டாக்கினார். ஆசிரியர்களிடம் போய் நியாயம் கேட்கவில்லை, வேறு வழியில்லாமல் செய்தார்.

அப்புறம் அந்தப் பத்தி, 'மை டே'. 1935 டிசம்பர் 30இல் தொடங்கி 1962 செப்டம்பர் வரை, பெரும்பாலான காலம் வாரத்துக்கு ஆறு நாள். கணவர் இறந்தபோது ஒரு சில நாள் மட்டும் இடைவெளி. வாரம் ஒரு பத்தி எழுதவே எனக்கு வியாழக்கிழமை ஜுரம் வரும்.

1939இல் மரியன் ஆண்டர்சன் என்ற கறுப்பினப் பாடகிக்கு வாஷிங்டனில் அரங்கு தர 'அமெரிக்கப் புரட்சியின் மகள்கள்' சங்கம் மறுத்தது. எலினோர் சங்கத்திலிருந்து விலகியதை அந்தப் பத்தியில்தான் எழுதினார். சங்கத்தின் பெயரையே குறிப்பிடவில்லை! யாரென்று ஊருக்கே தெரிந்தது. ஈஸ்டர் ஞாயிறன்று லிங்கன் நினைவகத்தின் படிகளில் ஆண்டர்சன் பாடினார், 75,000 பேர். எலினோர் முன்வரிசையில் உட்கார்ந்து கேட்டார். இதையெல்லாம் பதவியில் இருப்பவர் செய்ய முடியாது. தாழ்வாரம் சொல்வதில் நியாயம் இருக்கிறது.

#7 ஊஞ்சல்

இங்கே அதிகம் எழுதுவதில்லை, படிப்பதோடு சரி. ஆனால் இதற்கு எழுதத் தோன்றியது. என் மாமனார் சில காலம் தொழிற்சங்கப் பொறுப்பில் இருந்தார். பெரிய விஷயத்துக்கு வருபவர்கள் முன்வாசலில் வந்து அவரைப் பார்ப்பார்கள். உண்மையிலேயே கஷ்டத்தில் இருப்பவர்கள் பின்வாசலில் வந்து மாமியாரிடம் சொல்லிவிட்டுப் போவார்கள். அவருக்கு எந்த அதிகாரமும் இல்லை. அதனால்தான் அவரிடம் சொல்ல முடிந்தது.

1933இல் மட்டும் எலினோருக்குச் சுமார் 3 லட்சம் கடிதம் வந்ததாகப் படித்தபோது அந்தப் பின்வாசல் ஞாபகம் வந்தது.

#8 வாய்தா

ஊஞ்சல் அம்மா எழுதியது அருமை. ஆனால் சட்டம் படித்தவன் என்ற முறையில் நான் எதிர்த்தரப்பு.

'பதவிக்கு வந்ததும் வாய் மூடிக்கொண்டார்' என்பது 1946, 47, 48இல் அவர் செய்த வேலையைத் தெரியாமல் சொல்வது. 1945 டிசம்பரில் புதிய அதிபர் ட்ரூமன் அவரை ஐ.நா.வுக்கான அமெரிக்கக் குழுவில் போட்டார். லண்டனுக்குப் போகும் கப்பலில், நடைவழியில், செனட்டர் வாண்டன்பர்க் நிறுத்தி 'நீங்கள் மூன்றாம் குழுவில் இருந்தால் நன்றாயிருக்கும்' என்றார். சமூகம், மனிதநேயம், பண்பாடு. எங்கே போட்டால் அதிகம் கெடுதல் பண்ண மாட்டாரோ அங்கே போட்டிருக்கிறார்கள் என்று எலினோர் அப்போதே புரிந்துகொண்டார்.

போன இடத்தில் என்ன ஆனது? ஐரோப்பாவில் பல லட்சம் அகதிகள் சொந்த நாட்டுக்குத் திரும்ப மாட்டோம் என்கிறார்கள். திருப்பி அனுப்பியே ஆக வேண்டும் என்கிறது சோவியத் தரப்பு. அந்தப் பெரிய சண்டை மூன்றாம் குழுவில் வந்து விழுந்தது. சோவியத் பக்கம் பேசியவர் விஷின்ஸ்கி, ஸ்டாலின் காலத்து வழக்குகளில் அரசுத் தரப்பு வக்கீல், வாயாலேயே ஆளைச் சாய்ப்பவர். பொதுச்சபையில் அவருக்குப் பதில் சொல்ல அமெரிக்கக் குழுவில் ஆள் இல்லை, எலினோர் எழுந்தார். குறிப்பு எதுவும் இல்லை. நேரமாகிவிட்டது, தென் அமெரிக்கப் பிரதிநிதிகள் எழுந்து போய்விடுவார்களோ என்று பயம். அவர்களை உட்கார வைக்க நடுவில் அவர்கள் விடுதலை வீரர் சிமோன் பொலிவாரின் பெயரை இழுத்தார்! ஓட்டு அவர் பக்கம் விழுந்தது. இதைவிடவா வாய் திறக்க வேண்டும்?

அப்புறம் ஆணையம். 18 நாடு. சீனாவின் பி. சி. சாங், லெபனானின் சார்ல்ஸ் மாலிக், பிரான்ஸின் ரெனே கசேன், முதல் வரைவைத் தயாரித்த கனடாக்காரர் ஜான் ஹம்ப்ரி. சாங்கும் மாலிக்கும் சேர்ந்தால் தத்துவச் சண்டைதான். எலினோர் அவர்களைத் தன் வீட்டுக்கு டீ குடிக்கக் கூப்பிட்டார். சாங் ஹம்ப்ரியிடம், முதலில் சில மாதம் கன்பூசியஸைப் படித்துவிட்டு வந்து எழுதுங்கள் என்றார். எலினோர் டீயை ஊற்றிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தார். தனக்கு அந்த அளவுக்குத் தத்துவம் புரியவில்லை என்று அவரே எழுதியிருக்கிறார். தலைவராக இருப்பவர் எதைப் பேசாமல் விடுகிறார் என்பதும் ஒரு திறமை.

1948 டிசம்பர் 10, பாரிஸ், 30 பிரிவுகள். 48 ஆதரவு, எதிர்ப்பு பூஜ்யம்.

#9 புது வரவு

எதிர்ப்பே இல்லையா? சோவியத் ஒத்துக்கொண்டதா?

#10 வாய்தா

ஒத்துக்கொள்ளவில்லை, நடுநிலை. மொத்தம் 8 நாடு அப்படி: சோவியத்தும் அதன் பக்கம் இருந்த ஐந்தும், சவூதி அரேபியா, தென்னாப்பிரிக்கா. தென்னாப்பிரிக்காவில் இன ஒதுக்கல் அரசு அந்த வருஷம்தான் ஆட்சிக்கு வந்திருந்தது. அவர்கள் எப்படிக் கை தூக்குவார்கள்?

#11 சொல்வளம்

தமிழ்ப் பக்கம் ஒரு சின்ன விஷயம். ஆங்கில வரைவில் முதல் பிரிவு 'எல்லா ஆண்களும்' என்றும் 'எல்லா மனிதர்களும்' என்றும் இரண்டு விதமாகப் படிக்கக்கூடிய சொல்லோடுதான் தொடங்கியது. எலினோருக்கு அதில் சங்கடம் இல்லை. ஆங்கிலத்தில் அது எல்லோரையும் குறிக்கும் என்றார். இந்தியப் பிரதிநிதி ஹன்சா மேத்தா விடவில்லை. எங்கள் நாடுகளில் இதை ஆண்கள் என்றே படிப்பார்கள் என்றார். கடைசியில் மாற்றினார்கள்.

தமிழில் இந்தச் சண்டைக்கே இடமில்லை. அதிகாரபூர்வத் தமிழாக்கம் 'மனிதப் பிறவியினர் சகலரும் சுதந்திரமாகவே பிறக்கின்றனர்' என்று தொடங்குகிறது. ஆனால் அதே பிரிவின் கடைசி வரியைப் படியுங்கள்: 'சகோதர உணர்வுப் பாங்கில்' நடந்துகொள்ள வேண்டுமாம். தலையில் மாற்றியவர்கள் வாலில் விட்டுவிட்டார்கள். சகோதரி அங்கே இன்னும் வரவில்லை.

#12 பழைய பேப்பர்

ஹன்சா மேத்தா பெயர் வந்ததால் இதையும் சொல்கிறேன். ஆணையத்தில் எலினோரைத் தவிர இருந்த ஒரே பெண் பிரதிநிதி அவர்தான். நம் அரசியல் நிர்ணய சபை உறுப்பினர். 1947 ஆகஸ்ட் 14 நள்ளிரவில் இந்தியப் பெண்கள் சார்பில் தேசியக் கொடியைச் சபைக்கு வழங்கியவர். அவர் கணவர் ஜீவராஜ் மேத்தா, பின்னால் 1960இல் குஜராத்தின் முதல் முதலமைச்சர் ஆனார். அதாவது அந்த அறையில் இருந்த இரண்டு பெண்களுமே அரசியல்வாதிகளின் மனைவிகள். ஹன்சாவை யாரும் 'முதலமைச்சரின் மனைவி' என்று சொல்லி அறிமுகப்படுத்துவதில்லை, எலினோரை இன்றும் 'அதிபரின் மனைவி' என்றுதான் தொடங்குகிறோம். தாழ்வாரம், நீங்களும் அப்படித்தான் தொடங்கினீர்கள்.

#13 தாழ்வாரம்

ஐயோ. ஆமாம்.

#14 புளியங்கொட்டை

டீ, பொலிவார், சகோதரி எல்லாம் நன்றாக இருக்கிறது. யாரும் இன்னும் மனுவுக்குப் பதில் சொல்லவில்லை. வாய்தா சார், நீங்கள்தான் எதிர்த்தரப்பு, சொல்லுங்கள். மனுவை சோவியத் பிடித்துக்கொள்ளும், அமெரிக்காவுக்குத் தலைகுனிவு, அதனால் ஆதரிக்க முடியாது என்பதுதானே அவர் நிலை? இதையே அலபாமா போலீஸ்காரனும் சொல்லியிருப்பான், ஊர் மானம் போய்விடும் என்று. தன் நாட்டுக்காரன் கொண்டுவந்த பெரிய மனுவை எடுக்காத மனித உரிமை ஆணையத் தலைவர், என்ன தலைவர்? அதோடு பிரகடனம் சட்டமாக இருக்கக் கூடாது, வெறும் அறிவிப்பாக இருந்தால் போதும் என்று முதலில் இழுத்துப்பிடித்தது எந்த நாடு? அந்த நாட்டுக் குழுவில் உட்கார்ந்திருந்தது யார்? வெட்கமாக இல்லையா உங்களுக்கு இந்த அம்மாவைத் தூக்கிப்பிடிக்க

#15 மட்டுறுத்துநர்

கேள்விகள் நல்ல கேள்விகள். கடைசி வரி வேண்டாம். இழையைத் திறந்தே வைக்கிறேன்.

#16 வாய்தா

மனு விஷயத்தில் நான் அவரைக் காப்பாற்ற வரவில்லை. 1947இல் ஆணையம் ஒரு முடிவு எடுத்தது: தனி மனிதர்களிடமிருந்து வரும் புகார்கள் மீது நடவடிக்கை எடுக்கத் தங்களுக்கு அதிகாரம் இல்லை என்று. அமெரிக்காவுக்குத் தன் நிறவெறி பயம், சோவியத்துக்குத் தன் முகாம்கள் பயம், பிரிட்டனுக்குத் தன் காலனிகள் பயம். எல்லோருக்கும் வசதியாக இருந்தது. உலகத்திலேயே மிக நேர்த்தியான குப்பைக்கூடை என்று ஹம்ப்ரி பிற்பாடு இதைக் கிண்டல் செய்தார். என்.ஏ.ஏ.சி.பி. மனுவும் அதற்குள்தான் போனது. எலினோர் அரசுப் பிரதிநிதி, வெளியுறவுத் துறையின் அறிவுறுத்தல் கையில் இருந்தது, அதை மீறவில்லை. மீறியிருந்தால் அடுத்த நாள் அந்த நாற்காலியில் வேறு ஆள் இருந்திருப்பார். இது காரணம் மட்டும்தான், நியாயம் என்று நான் சொல்லவில்லை.

அறிவிப்பா சட்டமா என்பதில் கொஞ்சம் வேறுபடுகிறேன். சட்டமாகத்தான் வர வேண்டும் என்று காத்திருந்தவை இரண்டு உடன்படிக்கைகள். அவை 1966இல்தான் நிறைவேறின, 1976இல்தான் நடைமுறைக்கு வந்தன. எலினோர் 1962 நவம்பர் 7இல் இறந்துவிட்டார். 1948இல் 'எல்லாம் சேர்ந்துதான் வரும்' என்று நின்றிருந்தால் பிரகடனமும் அவரோடு போயிருக்கும்.

#17 பழைய பேப்பர்

என் பங்குக்கு மறுபக்கம். மனைவியாக இருந்தபோது வாய் திறந்தார் என்கிறோம். திறந்து என்ன நடந்தது?

1934. கும்பல் சேர்ந்து கறுப்பின மக்களைத் தூக்கிலிடும் கொடுமைக்கு எதிராக ஒரு மசோதா. என்.ஏ.ஏ.சி.பி.யின் வால்டர் ஒயிட்டை வெள்ளை மாளிகைக்கு வரவழைத்து அதிபரோடு உட்கார வைத்தவர் எலினோர். ஒயிட் ஒவ்வொரு ஆட்சேபத்துக்கும் தயாராகப் பதில் சொல்லச் சொல்ல, பிராங்க்ளினுக்குச் சந்தேகம், யாரோ உன்னைத் தயார்செய்து அனுப்பியிருக்கிறார்கள், என் மனைவியா என்று கேட்டார். மாமியார் சாராவும் அங்கேதான் இருந்தார், அவரும் ஒயிட் பக்கம்! இத்தனைக்கும் அதிபர் அசையவில்லை. தென்மாநில செனட்டர்கள் தன் மற்ற மசோதாக்களை எல்லாம் முடக்கிவிடுவார்கள் என்றார். அடுத்த வருஷம் செனட்டில் பேசிப்பேசியே மசோதாவைக் கொன்றார்கள். அமெரிக்காவில் கும்பல் கொலைக்கு எதிரான மத்தியச் சட்டம் 2022இல்தான் வந்தது.

மனைவிக்குப் பேசச் சுதந்திரம் இருந்தது, ஏனென்றால் அவர் பேசுவதற்குக் கணவர் பொறுப்பில்லை. பிராங்க்ளினுக்கு அது வசதியும்கூட. மனைவி பேசட்டும், எதிர்ப்பு வந்தால் 'அவரை என்னால் அடக்க முடியவில்லை' என்று சிரித்துக்கொள்ளலாம். 1933இல் போனஸ் கேட்டு வந்து முகாம் போட்டிருந்த முன்னாள் ராணுவத்தினரைப் பார்க்க எலினோர் சேற்றில் நடந்து போனார், அவர்களோடு சேர்ந்து பாடினார். ஹூவர் (முந்தைய அதிபர்) ராணுவத்தை அனுப்பினார், ரூஸ்வெல்ட் மனைவியை அனுப்பினார் என்று அவர்கள் சொன்னது பிரபலம். போனஸ்? அதைத் தரும் சட்டத்தை ரூஸ்வெல்ட் வீட்டோ செய்தார்; 1936இல் அவரை மீறித்தான் காங்கிரஸ் நிறைவேற்றியது.

#18 நடுப்பக்கம்

கடைசி வரி எனக்குத் தெரியாது. அனுப்பப்பட்ட மனைவியும் அனுப்பாத பணமும்.

ஒப்பிட ஒன்று: பிரெஞ்சு அதிபர் மித்தெரானின் மனைவி தனியெல் மித்தெரான். கணவர் பதவியில் இருக்கும்போதே 1986இல் சொந்தமாக ஓர் அமைப்பு தொடங்கி, குர்து மக்களுக்காகத் தன் நாட்டு வெளியுறவுத் துறை முகம் சுளிக்கும் அளவுக்குப் பேசினார். 1992இல் இராக்கின் குர்துப் பகுதியில் அவர் போன வாகன வரிசை அருகே குண்டு வெடித்தது, மயிரிழையில் தப்பினார். அவர் எந்த அரசுப் பதவியும் எடுத்துக்கொள்ளவில்லை. அந்த வகையில் உங்கள் கேள்விக்கு வேறொரு பதில் அவர் வாழ்க்கை.

#19 ஊஞ்சல்

புளியங்கொட்டை தம்பிக்கு ஒன்று. வெட்கப்பட ஒன்றுமில்லை, கோபப்படலாம். டு பாய்ஸுக்கும் கோபம்தான்.

எனக்கு உறுத்துவது வேறு. 1945 ஏப்ரல் 12 வார்ம் ஸ்பிரிங்ஸில் பிராங்க்ளின் இறந்தபோது லூசி அங்கே இருந்தார். அந்தச் சந்திப்புகளுக்கு ஏற்பாடு செய்தது சொந்த மகள் அன்னா. இரண்டையும் எலினோர் அன்றிரவுதான் தெரிந்துகொண்டார். அதே நாள் மாலை ட்ரூமனிடம் சாவுச் செய்தியைச் சொன்னதும் அவர்தான். 'உங்களுக்கு நான் ஏதாவது செய்ய வேண்டுமா' என்று ட்ரூமன் கேட்டதற்கு, 'உங்களுக்கு நாங்கள் ஏதாவது செய்ய வேண்டுமா, இப்போது சிக்கலில் இருப்பவர் நீங்கள்தானே' என்றாராம். எட்டு மாதத்தில் அதே ட்ரூமன் கொடுத்த வேலையை எடுத்துக்கொண்டார். இனி யாருடைய மனைவியும் இல்லை. அதனால் கிடைத்த முதல் சொந்த நாற்காலியைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டாரோ என்று தோன்றுகிறது. என் ஊகம்தான், மேடையில் சொல்லாதீர்கள்.

#20 தாழ்வாரம்

எல்லோருக்கும் நன்றி. பேச்சை மாற்றி எழுதிவிட்டேன். தொடக்கத்திலிருந்து 'அதிபரின் மனைவி' போய்விட்டது. பாத்திர மூடியைத் திறந்து பார்ப்பதில் தொடங்குகிறேன். அப்புறம் பர்மிங்காம் நாற்காலி, வால்டர் ஒயிட் வந்த நாள், கப்பல் நடைவழி, ஹன்சா மேத்தா. கடைசி பத்து நிமிடம் முழுக்க டு பாய்ஸின் மனுதான். நான் தீர்ப்புச் சொல்லப்போவதில்லை என்று நினைத்திருந்தேன். ஆனால் சொல்லாமல் இருந்தால் நானும் ஆணையம் செய்ததைத்தான் செய்கிறேன். அதனால் சொல்லப்போகிறேன்: அந்த மனுவை அவர் கைவிட்டது தவறு, அது தவறு என்று புரிந்துகொள்ளும் அளவுக்கு அவருக்கு அனுபவம் இருந்தது. பர்மிங்காமில் உட்கார்ந்தவருக்கு மனுவில் என்ன எழுதியிருக்கும் என்று படிக்காமலே தெரிந்திருக்கும்.

1958இல் அவர் சொன்ன 'மனித உரிமை வீட்டுக்குப் பக்கத்துச் சின்ன இடங்களில் தொடங்குகிறது' என்பதைக் கடைசியில் வைக்கச் சொல்லி வட்டத்தில் ஒருவர் கேட்டார். எல்லா மேடையிலும் அதுதான் கடைசி வரி. வேண்டாம் என்றுவிட்டேன்.

#21 புளியங்கொட்டை

இதற்கு நான் கைதட்டுவேன். #14 கடைசி வரிக்கு மன்னிக்கவும்.

#22 பழைய பேப்பர்

தாழ்வாரம், பேச்சில் மரியன் ஆண்டர்சன் கதை இருந்தால் ஒரு திருத்தம். #6இல் நடுப்பக்கம் எழுதியது போல எலினோர் முன்வரிசையில் உட்கார்ந்து கேட்கவில்லை. அன்று அவர் லிங்கன் நினைவகத்துக்கே வரவில்லை.

#23 நடுப்பக்கம்

அடடா. முப்பது வருஷமாக அப்படித்தான் சொல்லிக்கொண்டிருக்கிறேன். எங்கே படித்தேன் என்று தேடிப் பார்க்கிறேன்.